டாக்டர் ‘மைல்ட்’ என்கிறார், எந்த கோட் போடுவது?

கேள்வி: வணக்கம் மேடம். அமெரிக்க கிளினிக்குகளின் அவுட்பேஷண்ட் (அட்மிட் ஆகாத நோயாளிகள்) சார்ட்டுகளைப் பார்த்து, டாக்டர் எழுதிய நோய்க்கு ஐசிடி-10-சிஎம் என்ற அமெரிக்க நோய்க் குறியீட்டுப் பட்டியலில் இருந்து கோட் போடும் மெடிக்கல் கோடர் நான். இந்த மாத ஆடிட்டில் மது சம்பந்தப்பட்ட மூன்று சார்ட்டுகளில் எரர் வாங்கிவிட்டேன். முதலாவதில் டாக்டர் ‘ஆல்கஹால் யூஸ் டிசார்டர், மைல்ட்’ (மதுப் பழக்க நோய், லேசானது) என்று எழுதியிருந்தார். எஃப்10.10-ஐத் திறந்தால் அதன் தலைப்பு ‘ஆல்கஹால் அப்யூஸ்’ (மது துஷ்பிரயோகம்) என்று இருந்தது. டாக்டர் எங்கேயும் அப்யூஸ் என்று சொல்லவில்லையே என்று, வெறும் மதுப் பயன்பாட்டைக் குறிக்கும் எஃப்10.90 போட்டேன். இரண்டாவதிலும் ‘மைல்ட்’தான், ஆனால் நோட்டுக்குள் நான்கு அறிகுறிகள் எழுதியிருந்தன. நான்கு என்றால் மாடரேட் (நடுத்தரம்) என்று படித்திருந்ததால் டிபென்டன்ஸ் (மதுச் சார்பு) கோடான எஃப்10.20 போட்டேன். மூன்றாவதில் ‘மைல்ட், ஐந்து மாதமாகக் குடிக்கவில்லை, நன்றாக இருக்கிறார்’ என்றிருந்தது. நான் எஃப்10.10 போட்டேன், ரெமிஷனுக்கான (நோய் அடங்கிய நிலை) எஃப்10.11 போட்டிருக்க வேண்டும் என்கிறார் ஆடிட்டர். மூன்று எரரையும் ஒப்புக்கொண்டுவிடலாமா? இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். எங்கள் வீட்டிலும் குடியால் நொந்தவர்கள் உண்டு. ஒருவருடைய ரெக்கார்டில் ‘அப்யூஸ்’ என்று ஏற்ற எனக்குக் கை வருவதில்லை.

பதில்: வணக்கம் தம்பி. முதல் இரண்டையும் ஒப்புக்கொள்ளுங்கள். மூன்றாவதை ஒப்புக்கொள்ள வேண்டாம், அதில் நீங்கள் போட்டதுதான் சரி. ஏன் என்று ஒவ்வொன்றாகச் சொல்கிறேன், ஏனென்றால் மூன்றுக்கும் அடியில் ஓடுவது ஒரே விஷயம்: நோயாளிக்கு என்ன நோய், அது எவ்வளவு தீவிரம் என்று முடிவு செய்வது டாக்டர், நாம் அதை அவர் சொன்னபடி குறியீடாக மாற்றுகிறவர்கள். இது நமக்கு முதல் வாரப் பயிற்சியிலேயே சொல்லித்தரப்படுகிற விதிதான், ஆனால் மது சம்பந்தப்பட்ட சார்ட் கையில் வந்தால் மட்டும் அனுபவசாலிகளுக்கே அது மறந்துபோகிறது. ஒருவர் இரக்கப்பட்டுக் குறைத்துப் போடுகிறார், இன்னொருவர் அறிகுறிகளைப் பார்த்துவிட்டு ஏற்றிப் போடுகிறார். நீங்கள் ஒரே மாதத்தில் இரண்டையும் செய்திருக்கிறீர்கள்.

முதல் சார்ட். எஃப்10.10-இன் தலைப்பைப் பார்த்துத் தயங்கியது புரிகிறது. ஆனால் தலைப்போடு நிறுத்திவிட்டீர்கள். கோட்கள் எண் வரிசையில் உள்ள டேபுலர் பட்டியலில் அந்தத் தலைப்புக்குக் கீழேயே ‘ஆல்கஹால் யூஸ் டிசார்டர், மைல்ட்’ என்று சேர்ப்புச் சொல்லாக, அதாவது இதுவும் இந்த கோடில் அடங்கும் என்று, கொடுத்திருக்கிறார்கள். நோய்ப் பெயர்களை அகரவரிசையில் தரும் இண்டெக்ஸ் வழியாக வந்திருந்தாலும், டிசார்டர், அதற்குள் ஆல்கஹால் யூஸ், அதற்குள் மைல்ட் என்று போனால் நேராக எஃப்10.10-இல்தான் வந்து நிற்பீர்கள். இதற்குப் பின்னால் ஒரு வரலாறு இருக்கிறது, அது தெரிந்தால் குழப்பம் போய்விடும். அமெரிக்க மனநல மருத்துவர் சங்கத்தின் டிஎஸ்எம் கையேட்டின் நான்காம் பதிப்பில், அதாவது 1994-இல் வந்ததில், அப்யூஸ், டிபென்டன்ஸ் என்று இரண்டு தனித்தனி நோய்கள் இருந்தன. 2013-இல் வந்த ஐந்தாம் பதிப்பு இரண்டையும் ஒன்றாக்கி, யூஸ் டிசார்டர் என்று ஒரே பெயர் வைத்து, மைல்ட், மாடரேட், சிவியர் என்று தீவிரத்தால் மட்டும் பிரித்தது. டாக்டர்கள் அந்தப் புதிய பெயருக்கு மாறிவிட்டார்கள். ஆனால் 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் நடைமுறைக்கு வந்த ஐசிடி-10-சிஎம் பழைய இரண்டு தலைப்புகளையும் அப்படியே வைத்திருக்கிறது. அதனால்தான் மைல்ட் என்றால் அப்யூஸ் வரிசையான எஃப்10.1-க்குப் போகிறது, மாடரேட்டும் சிவியரும் டிபென்டன்ஸ் வரிசையான எஃப்10.2-க்குப் போகின்றன. டாக்டர் ‘அப்யூஸ்’ என்று எழுத வேண்டிய அவசியமே இல்லை. அவர் ‘மைல்ட்’ என்று எழுதியதே அந்தக் குறியீட்டைத் தேர்ந்தெடுத்ததற்குச் சமம்.

எஃப்10.90 ஏன் தப்பு என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ஒன்றும் தெரியாத இடத்தில் பத்திரமான இடம் என்று நினைத்துப் பலர் அங்கே போய் ஒதுங்குகிறார்கள். இந்த கோட் 2022 அக்டோபரில்தான் வந்தது. எஃப்10.9 வரிசையைப் பயன்படுத்த, கோட் போடுவதற்கான அதிகாரப்பூர்வ கைட்லைன் கடுமையான நிபந்தனை வைத்திருக்கிறது: மதுப் பழக்கத்துக்கும் வேறொரு மனநலப் பிரச்சினைக்கோ உடல் நோய்க்கோ தொடர்பு இருக்கிறது என்று டாக்டர் எழுதியிருந்தால்தான் அதைப் போடலாம். ‘வாரக் கடைசியில் இரண்டு பியர் குடிப்பார்’ என்று சோஷியல் ஹிஸ்டரியில் இருப்பதற்கெல்லாம் போடக்கூடாது. உங்கள் சார்ட்டிலோ டாக்டர் தெளிவாக ஒரு நோயைப் பெயர் சொல்லி எழுதியிருக்கிறார். எஃப்10.1-க்குக் கீழே எக்ஸ்க்ளூட்ஸ்1 குறிப்பில் எஃப்10.2-உம் எஃப்10.9-உம் இருப்பதையும் ஒருமுறை பாருங்கள், ஒன்று வந்தால் மற்றது வராது. யூஸ், அப்யூஸ் இரண்டும் எழுதியிருந்தால் அப்யூஸ் மட்டும், அப்யூஸும் டிபென்டன்ஸும் இருந்தால் டிபென்டன்ஸ் மட்டும் என்று வரிசை விதியும் இருக்கிறது.

இரண்டாவது சார்ட்தான் எனக்கு அதிகக் கவலை தந்தது. நீங்கள் படித்தது சரி. டிஎஸ்எம்-5 பதினொரு அளவுகோல்கள் தருகிறது: நினைத்ததைவிட அதிகமாகக் குடிப்பது, குறைக்க நினைத்தும் முடியாமல் போவது, அதிலேயே நேரம் கழிவது, குடிக்க வேண்டும் என்ற தவிப்பு, வேலை வீடு என்று கடமைகள் தவறுவது, உறவுகளில் சிக்கல் வந்தும் தொடர்வது, பிடித்த காரியங்களைக் கைவிடுவது, ஆபத்தான சூழ்நிலைகளில் குடிப்பது, உடலோ மனமோ கெடுகிறது என்று தெரிந்தும் தொடர்வது, பழைய அளவு போதாமல் போவது, நிறுத்தினால் விலகல் அறிகுறிகள் வருவது. பன்னிரண்டு மாதத்துக்குள் இவற்றில் இரண்டு அல்லது மூன்று இருந்தால் மைல்ட், நான்கு ஐந்து மாடரேட், ஆறும் அதற்கு மேலும் சிவியர். ஆனால் இது டாக்டருக்கான கணக்கு. நோட்டில் இருக்கும் நான்கு வாக்கியங்கள் நான்கு அளவுகோல்கள் ஆகிவிடாது. ‘மனைவியோடு சண்டை வருகிறது’ என்று எழுதியிருக்கலாம், அது குடியால் வந்த சண்டையா, குடித்தும் குடிக்காமலும் எப்போதும் நடக்கும் சண்டையா என்று எதிரே உட்கார்ந்து கேட்டவருக்குத்தான் தெரியும். ஒன்று மூன்று வருஷம் முன்னால் நடந்ததாக இருக்கலாம். இன்னொன்று ஒரே ஒரு முறை நடந்து அவர் கணக்கில் எடுக்காமல் விட்டதாக இருக்கலாம்.

கைட்லைனின் முதல் பகுதியில், ஏ பிரிவின் 19-ஆம் குறிப்பு இதைத்தான் சொல்கிறது. இன்ன நோய் இருக்கிறது என்று டாக்டர் எழுதினால் அதுவே போதும், அவர் எந்த மருத்துவ அளவுகோலை வைத்து அந்த முடிவுக்கு வந்தார் என்பதை வைத்து கோட் போடுவதில்லை. அந்த நான்கு வரிக் குறிப்பை மனப்பாடமாகவே வைத்துக்கொள்ளலாம், நம் வேலையில் பாதி வாக்குவாதத்தை அதுவே தீர்த்துவிடும்.

இதில் பணமும் இருக்கிறது, அதனால்தான் கவலை என்றேன். மெடிகேர் அட்வான்டேஜ் (பெரும்பாலும் முதியோருக்கான அரசு மருத்துவக் காப்பீட்டைத் தனியார் கம்பெனிகள் நடத்துவது) திட்டங்களில் ஒவ்வொரு நோயாளியின் நோய்ச் சுமையைக் கணக்கிட்டுத்தான் இன்சூரன்ஸ் கம்பெனிக்கு அரசுப் பணம் போகிறது. எஃப்10.20 அந்தக் கணக்கில் எடை உள்ள கோட், எஃப்10.10-க்கு அதில் எடை இல்லை. டாக்டர் மைல்ட் என்று எழுதியதை நீங்கள் டிபென்டன்ஸ் ஆக்கினால், டாக்டர் சொல்லாத நோய்க்குப் பணம் கேட்டதாக ஆகிவிடும். அமெரிக்காவில் பொய்க் கோரிக்கைச் சட்டத்தின் கீழ் இந்த மாதிரி ஏற்றிப் போட்ட கோட்களாலும் வழக்குகள் வருகின்றன. பணத்தைவிட முக்கியம், அந்த மனிதருக்கு இல்லாத ஒரு தீவிரத்தை நீங்கள் அவர் பெயரில் எழுதிவிட்டீர்கள்.

அப்படியானால் முரண்பாடு கண்ணில் பட்டால் சும்மா இருப்பதா என்றால், இல்லை, க்வெரி அனுப்புங்கள், அதாவது டாக்டரிடமே எழுத்தில் விளக்கம் கேளுங்கள். அதே நோட்டில் அசெஸ்மென்ட்டில் மைல்ட் என்றும் இன்னொரு இடத்தில் ஆல்கஹால் டிபென்டன்ஸ் என்றும் இருந்தால் கட்டாயம் கேட்க வேண்டும். வரிசை விதி டிபென்டன்ஸைத்தான் எடுக்கச் சொல்கிறதே என்று உடனே அதைப் போட்டுவிடாதீர்கள், பல நேரம் அந்த டிபென்டன்ஸ் பழைய பிராப்ளம் லிஸ்டில் (ரெக்கார்டில் உள்ள நோய்ப் பட்டியல்) இருந்து தானாக ஒட்டிக்கொண்டு வந்ததாக இருக்கும். தீவிரமே எழுதாமல் வெறும் ‘ஆல்கஹால் யூஸ் டிசார்டர்’ என்று விட்டிருந்தாலும் கேளுங்கள். குடிக்கும் அளவைப் பார்த்து நீங்களே ஒரு தீவிரத்தை ஊகிக்க வேண்டாம்.

மூன்றாவது சார்ட்டுக்கு வருகிறேன். மைல்ட் ரெமிஷனில் இருந்தால் எஃப்10.11 என்பது உண்மை, 2017 அக்டோபரில் இருந்து அந்த கோட் இருக்கிறது. ஏர்லி ரெமிஷன், சஸ்டெயின்டு ரெமிஷன் இரண்டுமே அதற்குள்தான். ஆனால் ரெமிஷன் என்று டாக்டர் எழுதியிருக்க வேண்டும். அதை முடிவு செய்ய மருத்துவரின் தீர்ப்பு தேவை, அவர் எழுதியதை வைத்து மட்டுமே ரெமிஷன் குறியீட்டைப் போட வேண்டும் என்று மனநல நோய்களின் ஐந்தாம் அத்தியாயத்துக்கான கைட்லைன் தனியாகவே சொல்கிறது. ஆடிட்டர் ‘ஐந்து மாதமாகக் குடிக்கவில்லை’ என்பதைப் பார்த்துவிட்டு, மூன்று மாதம் தாண்டிவிட்டது, பன்னிரண்டு ஆகவில்லை, எனவே ஏர்லி ரெமிஷன் என்று கணக்குப் போட்டிருக்கிறார். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் டிஎஸ்எம்-5-இல் ரெமிஷன் என்பது குடிக்காமல் இருந்த மாதங்களின் எண்ணிக்கை இல்லை. தவிப்பு ஒன்றைத் தவிர மற்ற அளவுகோல் எதுவுமே குறைந்தது மூன்று மாதமாக இல்லை என்பதுதான் ஏர்லி ரெமிஷன். அதோடு, மதுவே கிடைக்காத இடத்தில், ஒரு சிகிச்சை விடுதியிலோ சிறையிலோ இருந்ததால் குடிக்காமல் இருந்தாரா என்பதையும் டாக்டர் பார்த்துத் தனியாகக் குறிக்க வேண்டும். இதையெல்லாம் ‘நன்றாக இருக்கிறார்’ என்ற இரண்டு சொல்லில் இருந்து நீங்களும் எடுக்க முடியாது, ஆடிட்டரும் எடுக்க முடியாது. நீங்கள் செய்தது டாக்டர் எழுதியபடி போட்டது. ஒரே குறை, சார்ட்டை மூடுவதற்கு முன் ஒரு க்வெரி அனுப்பியிருக்கலாம்.

அந்த க்வெரி எப்படி இருக்க வேண்டும் என்று எழுதிக் காட்டுகிறேன், உங்கள் கம்பெனி டெம்ப்ளேட்டில் இதையே ஆங்கிலத்தில் போட்டுக்கொள்ளுங்கள்: ‘இந்த விசிட்டின் நோட்டில் ஆல்கஹால் யூஸ் டிசார்டர், மைல்ட் என்றும், ஐந்து மாதமாக மது அருந்தவில்லை என்றும் பதிவாகியிருக்கிறது. விசிட்டின்போது இந்த நோயின் நிலை என்ன என்பதை உங்கள் மருத்துவத் தீர்ப்பின்படி தெளிவுபடுத்தவும். தற்போதும் நீடிக்கிறது, ஏர்லி ரெமிஷனில் இருக்கிறது, வேறு (குறிப்பிடவும்), தீர்மானிக்க இயலவில்லை.’ அவ்வளவுதான். இதில் சஸ்டெயின்டு ரெமிஷனை நான் சேர்க்கவில்லை, கவனித்திருப்பீர்கள். அதற்குப் பன்னிரண்டு மாதம் ஆக வேண்டும், நோட்டில் ஆதாரமில்லாத வாய்ப்பை டாக்டர் முன் நீட்டக்கூடாது. ‘ரெமிஷன் என்று சேர்த்துவிடுங்கள்’ என்று கேட்பதும், இதைப் போட்டால் இவ்வளவு பணம் வரும் என்று குறிப்புக் காட்டுவதும் அறவே கூடாது.

இதே குடும்பத்தில் நீங்கள் மாட்டக்கூடிய வேறு சில இடங்களையும் சொல்கிறேன். ஆடிட் என்ற பெயரிலேயே உலக சுகாதார நிறுவனத்தின் பத்துக் கேள்வித் தாள் ஒன்று இருக்கிறது, நாற்பதுக்கு மார்க். எட்டோ ஒன்பதோ வந்திருக்கிறது என்பதற்காக எஃப்10.10 போட முடியாது, அது ஸ்கிரீனிங் மதிப்பெண்தான், டாக்டர் நோய் என்று எழுதினால்தான் நோய். அவுட்பேஷண்ட் சார்ட்டில் ‘மைல்ட் ஆல்கஹால் யூஸ் டிசார்டர் இருக்கலாம்’, ‘சந்தேகம்’ என்றெல்லாம் இருந்தால் போடவே கூடாது. மைல்ட் என்றால் விலகல் அறிகுறி வராது என்று பழைய ஆட்கள் சிலர் சொல்வார்கள், ஆனால் 2020 அக்டோபரில் இருந்து அதற்கென்றே எஃப்10.13 வரிசை இருக்கிறது, டாக்டர் மைல்ட் என்றும் வித்ட்ராயல் (விலகல்) என்றும் எழுதினால் அங்கேதான் போக வேண்டும். ‘கை நடுங்குகிறது’ என்று மட்டும் எழுதியிருந்தால் அது வித்ட்ராயல் ஆகாது, நடுக்கத்துக்கு ஆயிரம் காரணம். மதுவால் வந்த கல்லீரல் நோய் இருந்தால் கே70-இல் உள்ளதை முதலில் போட்டு எஃப்10-இல் உள்ளதைக் கூடுதலாகப் போடுங்கள், கல்லீரல் கெட்டதற்காக, மதுவால் தூண்டப்பட்ட மற்ற கோளாறுகளுக்கான எஃப்10.188-க்குப் போகாதீர்கள். ரத்தத்தில் மதுவின் அளவுக்கான ஒய்90-ஐ நர்ஸ் எழுதியதில் இருந்தும் எடுக்கலாம், ஆனால் அதற்குரிய நோயை டாக்டர் எழுதியிருக்க வேண்டும்.

இப்போது நீங்கள் கடைசியாகச் சொன்னது. கை வருவதில்லை என்கிறீர்கள். அந்த மனசு உங்களிடம் இருக்கட்டும், சார்ட்டைப் பார்க்கும்போது அதன் பின்னால் ஒரு ஆள் இருக்கிறார் என்று நினைக்கிற கோடர்கள் வேண்டும். அந்தச் சொல் உறுத்துவதும் உங்களுக்கு மட்டுமில்லை. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-இல் எஃப்10.1-இன் தலைப்பில் அப்யூஸ் இல்லை, தீங்கு தரும் பயன்பாடு என்றுதான் இருக்கிறது. அமெரிக்கப் பதிப்பில்தான் அப்யூஸ் வந்தது. அது மாற வேண்டும் என்றே நானும் நினைக்கிறேன். ஆனால் அந்த மாற்றம் வருடாவருடம் கோட்களைத் திருத்துகிற கமிட்டியில் நடக்க வேண்டியது, உங்கள் சார்ட்டில் நடக்க முடியாது.

அப்புறம், குறைத்துப் போடுவதால் அவருக்கு நல்லது நடக்கிறதா என்று யோசித்துப் பாருங்கள். மைல்ட் என்பது பிடிக்க வேண்டிய நேரத்தில் பிடிபட்ட நோய். இந்த நிலையில்தான் டாக்டர் பத்துப் பதினைந்து நிமிடம் உட்கார்ந்து பேசுவதற்கே பலன் இருக்கிறது. ஆலோசனைக்கு அனுப்பினால் இன்சூரன்ஸ் முதலில் பார்ப்பது நோய்க் குறியீட்டைத்தான். அடுத்த வருடம் வேறொரு டாக்டரிடம் போனால், தூக்க மாத்திரை எழுதும் முன் அவர் எட்டிப் பார்ப்பது பிராப்ளம் லிஸ்டை. நீங்கள் இரக்கப்பட்டு எஃப்10.90 போட்டால் அந்த டாக்டருக்குத் தெரிய வேண்டியது தெரியாமல் போகிறது. தீவிரப்படுத்தி எஃப்10.20 போட்டால் நோயாளி தன் மொபைலில் ரெக்கார்டைத் திறக்கும்போது டிபென்டன்ஸ் என்று பார்த்து அதிர்கிறார், டாக்டர் தன்னிடம் ஒன்று சொல்லிவிட்டு வேறொன்று எழுதிவிட்டதாக நினைக்கிறார், மறுபடி உண்மையைச் சொல்ல அவருக்கு வாய் வராது. குடிப்பதைப் பற்றி டாக்டரிடம் வாய் திறப்பதே எவ்வளவு கஷ்டம் என்று உங்கள் வீட்டில் பார்த்திருப்பீர்கள்.

இது ஆயுள் முழுக்க ஒட்டிக்கொள்ளும் முத்திரை என்ற பயமும் உங்களுக்கு இருக்கும் என்று நினைக்கிறேன். அப்படி இல்லை. நோய் அடங்கியிருப்பதைச் சொல்லத்தான் எஃப்10.11 இருக்கிறது. ரெக்கார்டில் தப்பு இருந்தால் திருத்தக் கேட்கும் உரிமையை ஹிப்பா என்ற மருத்துவத் தகவல் தனியுரிமைச் சட்டம் நோயாளிக்குக் கொடுத்திருக்கிறது. போதை சிகிச்சைக்கென்றே நடக்கிற, மத்திய அரசு உதவி பெறும் மையங்களின் ரெக்கார்டுகளுக்கு 42 சிஎஃப்ஆர் பகுதி 2 என்று இன்னும் கடுமையான தனி விதியே உண்டு, சாதாரண கிளினிக் சார்ட்டுக்கு அது பொதுவாகப் பொருந்தாது.

வீட்டு நினைவு வந்து ஒரு சார்ட்டில் மனம் தடுமாறினால் அதை ஓரமாக வைத்துவிட்டு அடுத்ததைப் பாருங்கள், பிறகு திரும்பி வாருங்கள். அடிக்கடி அப்படி ஆகிறது என்றால் டீம் லீடரிடம் சொல்லிக் கொஞ்ச நாள் வேறு ஸ்பெஷாலிட்டி கேட்டு வாங்குங்கள், அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

சரி, இந்த வாரம் செய்ய வேண்டியது. முதல் சார்ட்டை எஃப்10.10 என்று திருத்திக் கொடுங்கள். இரண்டாவதையும் எஃப்10.10 ஆக்கச் சொல்லுங்கள், கிளெய்ம் (இன்சூரன்ஸிடம் பணம் கேட்கும் கோரிக்கை) போய்விட்டதா என்று கட்டாயம் விசாரியுங்கள், போயிருந்தால் திருத்திய கிளெய்ம் அனுப்ப வேண்டும், இதைத் தள்ளிப்போடாதீர்கள். மூன்றாவதற்கு மேலே சொன்ன க்வெரியை அனுப்பிவிட்டு ரிபட்டல் (ஆடிட் முடிவுக்கு எழுத்தில் மறுப்பு) போடுங்கள். ஆடிட்டரைக் குறை சொல்லாமல், ‘நோட்டில் ரெமிஷன் என்ற டாக்டரின் பதிவு இல்லை, மனநல அத்தியாயத்தின் ரெமிஷன் கைட்லைன்படி எஃப்10.10 போடப்பட்டது, டாக்டரிடம் க்வெரி அனுப்பியிருக்கிறோம்’ என்று மூன்று வரி போதும். க்வெரிக்கு ஏர்லி ரெமிஷன் என்று பதில் வந்து, டாக்டர் நோட்டில் அடெண்டம் (பின்சேர்க்கைக் குறிப்பு) சேர்த்தால் எஃப்10.11-க்கு மாற்றிவிடுங்கள், அது உங்கள் எரர் ஆகாது. ரிபட்டலோடு கைட்லைன் பக்கத்தை இணைக்கும்போது ஒன்றைக் கவனியுங்கள்: கைட்லைன் ஒவ்வொரு அக்டோபர் 1-க்கும் புதுப்பிக்கப்படுகிறது, நடுவில் ஏப்ரலிலும் மாற்றம் வரலாம், சார்ட்டின் சர்வீஸ் தேதிக்கு எந்தப் பதிப்பு நடப்பில் இருந்ததோ அதைத்தான் இணைக்க வேண்டும்.